இத்தாலியப் படங்களில் கலை இயக்குநர் என்ன செய்கிறார்? டான்டே ஃபெரெட்டியை முன்வைத்து அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

உலக சினிமா திரையிடல் முடிந்து வெளியே வந்து பேசும்போது நடிகர், இயக்குநர், ஒளிப்பதிவாளர் என்று ஒரு சுற்று வந்துவிட்டு, கடைசியில் பேச்சு செட்டில் வந்து நிற்கும். "அந்த இடம் நிஜமா, போட்டதா?" என்பதுதான் முதல் கேள்வி. அதற்கு அடுத்து வரும் கேள்விகளும் ஏறக்குறைய அதே வரிசையில்தான் வருகின்றன. கேட்டவர்கள் கேட்ட மாதிரியே அவற்றைத் தொகுத்திருக்கிறேன். பெரும்பாலான பதில்களில் டான்டே ஃபெரெட்டி வருவார். இத்தாலியின் திரைக் கலை இயக்கத்தை ஒரே மனிதரின் தொழில்வாழ்க்கை வழியாகப் புரிந்துகொள்ள வேண்டுமென்றால் அவரைவிட நல்ல வழி எனக்குத் தெரியவில்லை.

கலை இயக்குநர்னா செட் போடுறவர்தானே? அப்புறம் புரொடக்‌ஷன் டிசைனர்னு ஏன் இன்னொரு பேர்?

செட் போடுவது அவர் வேலையில் ஒரு பகுதிதான். ஒரு காட்சி எந்த மாதிரி இடத்தில் நடக்கிறது, அந்த அறைக்கு எத்தனை கதவு, ஜன்னல் எந்தப் பக்கம், சுவர் என்ன நிறம், எவ்வளவு பழசு, கேமரா எங்கே நிற்க இடம் விட வேண்டும் என்பதையெல்லாம் படப்பிடிப்புக்கு மாதக்கணக்கில் முன்பே இயக்குநரோடும் ஒளிப்பதிவாளரோடும் உட்கார்ந்து முடிவு செய்கிறவர் அவர். ஏற்கெனவே இருக்கும் இடத்தில் படம்பிடித்தாலும் இந்த முடிவுகள் எல்லாம் அவருடையவைதான்.

பெயரைப் பற்றி அதிகம் குழம்ப வேண்டாம். தமிழ்ப் பட டைட்டிலில் 'கலை' என்று போடுவார்கள். ஹாலிவுட்டில் துறைத் தலைவர் புரொடக்‌ஷன் டிசைனர், ஆர்ட் டைரக்டர் அவருக்குக் கீழே வேலை செய்பவர். இந்தப் பக்கத்தில் துறைத் தலைவரையே கலை இயக்குநர் என்று எழுதுகிறேன். இத்தாலியில் இன்னொரு பழக்கமும் உண்டு: ஒரே ஆள் செட்டையும் உடைகளையும் சேர்த்துப் பார்ப்பார். இயக்குநர் ஃபெலினிக்கு வேலை செய்த பியெரோ கெரார்தி, டனிலோ டொனாட்டி, கௌபாய் படங்கள் எடுத்த செர்ஜியோ லியோனேவுக்கு வேலை செய்த கார்லோ சிமி மூவருமே அப்படிப்பட்டவர்கள்.

டான்டே ஃபெரெட்டி யாரு? எதுக்கெடுத்தாலும் அவர் பேரையே சொல்றீங்களே?

1943 பிப்ரவரியில் மார்க்கே மாநிலத்தின் மச்செராத்தா நகரில் பிறந்தவர். இத்தாலிய இயக்குநர்கள் பசோலினிக்கு ஐந்து படங்கள், ஃபெலினிக்கு ஐந்து படங்கள், ஹாலிவுட் இயக்குநர் மார்ட்டின் ஸ்கோர்செஸிக்கு ஒன்பது படங்கள் என்று கலை இயக்கம் செய்தவர். நடுவில் ஜான்-ஜாக் அனோ, டெர்ரி கில்லியம், டிம் பர்ட்டன் என்று வேறு வேறு இயக்குநர்கள். 'தி ஏவியேட்டர்', 'ஸ்வீனி டாட்', 'ஹியூகோ' ஆகிய மூன்று படங்களுக்கு ஆஸ்கர் வாங்கியிருக்கிறார். 2013இல் நியூயார்க்கின் நவீனக் கலை அருங்காட்சியகம் அவருடைய வரைபடங்களையும் வடிவமைப்புகளையும் தனிக் கண்காட்சியாகவே வைத்தது.

விருதுகளுக்காக மட்டும் அவர் பெயரைச் சொல்லவில்லை. பசோலினி தெருவையும் பாலைவனத்தையும் நம்பியவர். ஃபெலினி நான்கு சுவருக்குள் உலகத்தைக் கட்டிக்கொண்டவர். இந்த இரண்டு எதிரெதிர்ப் பள்ளிகளிலும் ஒருவரே பாடம் கற்றது அபூர்வம். அவருடைய பிற்காலப் படங்களில் நல்லதாக இருக்கும் ஒவ்வொன்றையும் இந்த இரண்டில் ஏதாவது ஒன்றோடு என்னால் பொருத்திக் காட்ட முடியும்.

போகிற போக்கில் ஒரு தகவல்: 'தி லாஸ்ட் எம்பரர்' படத்துக்கு ஆஸ்கர் வாங்கிய ஃபெர்டினாண்டோ ஸ்கார்ஃபியோட்டி பிறந்த பொட்டென்ஸா பிச்சேனாவும் மச்செராத்தாவுக்குப் பக்கத்து ஊர்தான். கீழே தொலைக்காட்சி பற்றிய பதிலில் வரும் ஜியான்கார்லோ பசிலியும் மார்க்கேகாரர்.

அவர் எங்க படிச்சார்? முதல் படமே பெரிய படமா?

ரோம் நகரின் நுண்கலைக் கல்லூரியில் படித்தார். ஆனால் தொழில் கற்றது உதவியாளராக இருந்த ஆண்டுகளில். லூயிஜி ஸ்காச்சானோச்சே என்ற மூத்த கலை இயக்குநரிடம் சேர்ந்து, பசோலினியின் 1964ஆம் ஆண்டு மத்தேயு நற்செய்திப் படத்தில் உதவியாளராக வேலை பார்த்தார். அப்போது அவருக்கு இருபது வயதை ஒட்டித்தான் இருக்கும். 1969இல் 'மெடியா' வந்தபோது பசோலினி அவரையே தலைவராக வைத்துக்கொண்டார்.

இருபத்தாறு வயதில் பெரிய படம் கிடைத்ததே என்று பலர் ஆச்சரியப்படுகிறார்கள். அதற்கு முந்தைய ஆண்டுகளைப் பாருங்கள். அளவெடுப்பது, வரைவது, தச்சரிடமும் பெயிண்டரிடமும் ஓடுவது, இயக்குநர் திடீரென்று மாற்றுவதை மறுநாள் காலைக்குள் சரிசெய்வது. இதையெல்லாம் எந்த வகுப்பறையிலும் கற்றுத்தர முடியாது. அந்த உதவியாளர் காலத்தைத்தான் அவருடைய உண்மையான கல்லூரி என்று நான் நினைக்கிறேன்.

பசோலினி படமெல்லாம் நிஜ இடத்துலதானே எடுத்தது? அதுல கலை இயக்குநருக்கு என்ன வேலை?

எனக்கு மிகவும் பிடித்த கேள்வி இது. மத்தேயு படத்தில் ஜெருசலேமாக வருவது தெற்கு இத்தாலியின் மத்தேரா நகரம். பாறையைக் குடைந்த குகை வீடுகள் அடுக்கடுக்காக இறங்கும் ஊர். சொந்த மண்ணை விட்டு கொரிந்துக்கு வந்த ஒருத்தியின் கிரேக்கப் புராணக் கதையான 'மெடியா'வில் துருக்கியின் கப்படோக்கியா பகுதியிலுள்ள கோரெமே பாறைக் குடியிருப்புகள் காட்டுமிராண்டி உலகமாகவும், பீசா நகரின் சலவைக்கல் சதுக்கம் நாகரிக கொரிந்தாகவும் வருகின்றன. பண்டைய கிரேக்கத்துக்கும் பீசாவுக்கும் வரலாற்றில் எந்தச் சம்பந்தமும் இல்லை. ஆனால் கரடுமுரடான பாறையைப் பார்த்துவிட்டு அந்த வழவழப்பான வெள்ளைச் சுவரைப் பார்க்கும்போது, மெடியா எந்த உலகத்தை இழந்து எங்கே வந்து மாட்டிக்கொண்டாள் என்பது வசனமே இல்லாமல் புரிந்துவிடும்.

இந்த மாதிரிப் படங்களில் இடத்தைத் தேர்ந்தெடுப்பதே பாதி வேலை. மீதிப் பாதி, அந்த இடத்திலிருந்து எதை எடுத்துவிடுவது என்பது. மின்கம்பி, ஆன்டெனா, சிமெண்ட் பூச்சு, போன வருஷம் அடித்த பெயிண்ட் எதுவும் கண்ணில் படக் கூடாது. அப்புறம் இல்லாததைச் சேர்ப்பது: ஒரு பலிபீடம், ஒரு தேர், ஒரு திரைச்சீலை. சேர்த்தது எது, முன்பே இருந்தது எது என்று பார்ப்பவருக்குத் தெரியாமல் இருந்தால் வேலை சரியாக நடந்திருக்கிறது என்று அர்த்தம்.

ஃபெலினி படத்துல கடல்கூட பொய்யாமே? அது தெரிஞ்சே எப்படி ரசிக்கிறது?

1983இல் வந்த 'அண்ட் தி ஷிப் செயில்ஸ் ஆன்' படத்தைத்தான் கேட்கிறீர்கள். 1914இல் ஓர் ஓபரா பாடகியின் அஸ்தியைக் கடலில் கரைக்கக் கப்பலில் கிளம்புகிறவர்களின் கதை. அந்தக் கடல் முழுக்க பிளாஸ்டிக் ஷீட். கப்பலின் மேல்தளத்தை ஸ்டுடியோவுக்குள்ளேயே கட்டி, ஹைட்ராலிக் இயந்திரங்களின் மேல் வைத்து ஆட்டினார்கள். படத்தின் முடிவில் ஃபெலினி கேமராவைப் பின்னால் இழுத்து அந்த இயந்திரங்களையும் விளக்குகளையும் வேலையாட்களையும் அப்படியே காட்டிவிடுகிறார்.

இது பட்ஜெட் போதாமல் செய்த வேலை என்று சிலர் நினைக்கிறார்கள். அப்படி இல்லை. முதல் உலகப் போர் வாசலில் நிற்கும்போது பாட்டுப் பாடிக்கொண்டு போகும் ஒரு மேட்டுக்குடிக் கூட்டத்துக்கு, பளபளவென்று மின்னும் செயற்கைக் கடல்தான் பொருத்தமான கடல். அந்த பிளாஸ்டிக்கில் வெளிச்சம் படும்போது அது கடலாகத் தெரிய வேண்டும், அதே சமயம் முழுக்கக் கடலாகவும் ஆகிவிடக் கூடாது. அந்த நூலிழை அளவைப் பிடிப்பதில்தான் ஃபெரெட்டியின் கை தெரிகிறது.

ஃபெலினியோடு வேலை செய்வது எப்படி இருந்தது என்று கேட்டால் ஃபெரெட்டி பேட்டிகளில் சொல்லும் ஒரு சம்பவம் உண்டு. காலையில் காரில் போகும்போது "நேற்று என்ன கனவு கண்டாய்?" என்று ஃபெலினி கேட்பாராம். எதுவும் ஞாபகம் இல்லாத ஃபெரெட்டி, அவருக்குச் சொல்வதற்காகவே கனவுகளை இட்டுக்கட்ட ஆரம்பித்தாராம். பிறகு அவற்றில் சில செட்டுக்கே வந்துவிட்டன.

சினெச்சித்தா, சினெச்சித்தான்னு சொல்றீங்களே, அது ஸ்டுடியோவா, ஊரா?

ஸ்டுடியோ வளாகம். ரோமின் தென்கிழக்கே துஸ்கொலானா சாலையில் இருக்கிறது. முசோலினி ஆட்சியில் 1937 ஏப்ரலில் திறக்கப்பட்டது. போரில் குண்டுவீச்சுக்கு ஆளாகி, போருக்குப் பின் அகதிகள் முகாமாக இருந்தது. அப்புறம் 'பென்-ஹர்', 'கிளியோபாட்ரா' என்று ஹாலிவுட்டே அங்கே வந்து இறங்கியது. அங்குள்ள ஐந்தாம் எண் தளம் ஐரோப்பாவின் மிகப் பெரிய படப்பிடிப்புத் தளங்களில் ஒன்று. ஃபெலினிக்கு அது வீடு மாதிரி. 1993இல் அவர் இறந்தபோது மக்கள் அஞ்சலி செலுத்த உடலை அங்கேதான் வைத்தார்கள்.

ஆனால் கலை இயக்குநருக்கு முக்கியம் கட்டடம் இல்லை, அதைச் சுற்றியுள்ள பட்டறைகள். தச்சர்கள், சிற்பிகள், பிளாஸ்டர் வார்ப்பவர்கள், சலவைக்கல் மாதிரி பெயிண்ட் அடிப்பவர்கள் என்று தலைமுறை தலைமுறையாக இதையே செய்யும் குடும்பங்கள் அங்கே உண்டு. வாள், கவசம், நாற்காலி எல்லாம் வாடகைக்குத் தரும் ரான்காட்டி நிறுவனம் 1864இலிருந்து இருக்கிறது. செட்டின் பின்னால் போய்ப் பார்த்தால் முட்டுக்கொடுத்து நிற்பது இரும்புக் குழாய்ச் சாரம். அந்தக் குழாயை இத்தாலியர்கள் 'இன்னொச்சென்ட்டி குழாய்' என்பார்கள். அதே இன்னொச்சென்ட்டி நிறுவனம்தான் நம் அப்பாக்கள் ஓட்டிய லாம்பிரெட்டா ஸ்கூட்டரையும் உருவாக்கியது.

'நேம் ஆஃப் தி ரோஸ்' படத்துல வர்ற மடம் எங்க இருக்கு? போய்ப் பார்க்கலாமா?

பாதியைப் பார்க்கலாம். உம்பெர்த்தோ எக்கோவின் நாவலை அனோ 1986இல் படமாக்கியபோது, உட்புறக் காட்சிகள் பலவற்றை ஜெர்மனியின் ஏபர்பாக் மடத்தில் எடுத்தார்கள். அது இன்றும் இருக்கிறது, பார்வையாளர்கள் போகலாம். மலைமேல் நிற்கும் அந்தப் பிரம்மாண்டமான வெளிப்புறம் ரோமுக்கு வெளியே ஒரு குன்றில் ஃபெரெட்டி கட்டிய செட். 'கிளியோபாட்ரா'வுக்குப் பிறகு ஐரோப்பாவில் போடப்பட்ட மிகப் பெரிய வெளிப்புற செட்களில் ஒன்று.

இதில் கவனித்துப் பார்க்க வேண்டியது நூலகம். எக்கோவின் நாவலில் நூலகம் கோபுரக் கட்டடத்தின் மேல்மாடியில் ஒரே தளமாகப் பரந்து கிடக்கும் புதிர்ப்பாதை. அறைக்குள் அறை, கதவுக்குள் கதவு. புத்தகத்தில் படிக்கும்போது மனதுக்குள் வரைபடம் போட்டுக்கொண்டே போகலாம். கேமராவுக்கு அது உதவாது. எந்த அறைக்குள் போனாலும் நான்கு சுவர்தான் தெரியும், தொலைந்துபோன உணர்வு வராது. எனவே படத்தில் அதைச் செங்குத்தாக நிமிர்த்திவிட்டார்கள். மேலும் கீழும் குறுக்கும் நெடுக்குமாகப் படிக்கட்டுகள். ஒரு படிக்கட்டில் நிற்கும் ஷான் கானரிக்கும் எதிர்ப் படிக்கட்டில் நிற்கும் சீடனுக்கும் நடுவே வெறும் பாதாளம். ஒருவரை ஒருவர் பார்க்க முடிகிறது, பேச முடிகிறது, போய்ச் சேரத்தான் வழி தெரியவில்லை. பதினெட்டாம் நூற்றாண்டில் இத்தாலிய ஓவியர் பிரானேசி செதுக்கிய கற்பனைச் சிறைச்சாலைகளின் சாயல் அதில் தெளிவாகத் தெரியும்.

நாவலுக்கு விசுவாசமாக இல்லை என்று எக்கோவின் ரசிகர்கள் குறை சொல்வார்கள். வரைபடத்தை மாற்றித்தான் நாவலின் பயத்தைக் காப்பாற்றியிருக்கிறார்கள் என்பது என் கட்சி.

மூணு ஆஸ்கரும் மனைவியோட சேர்ந்து வாங்கினாராமே? அவங்க என்ன பண்ணாங்க?

ஆமாம். ஃபிரான்செஸ்கா லோ ஸ்கியாவோ செட் டெக்கரேட்டர். ஆஸ்கரில் இந்தப் பிரிவே இருவருக்கும் சேர்த்துத்தான் தரப்படுகிறது, மனைவி என்பதற்காகக் கிடைத்தது இல்லை. கலை இயக்குநர் அறையைத் தருவார். அந்த அறையில் யார் வாழ்கிறார்கள் என்பதை டெக்கரேட்டர் சொல்வார்: மேசைவிரிப்பு, விளக்கு, கடிதக்கட்டு, பாதி தேய்ந்த நாற்காலிக் கை. 'ஹியூகோ' ரயில் நிலையத்தில் இருக்கும் பொம்மைக் கடையை நிறுத்திப் பாருங்கள். அலமாரியில் உள்ள ஒவ்வொரு பொருளையும் யாரோ தேடி எடுத்து, இந்த இடத்தில்தான் இருக்க வேண்டும் என்று வைத்திருக்கிறார்கள். விமர்சனங்களில் இந்த வேலைக்கு ஒரு வரிகூடக் கிடைப்பதில்லை என்பது எனக்கு நெடுநாள் வருத்தம்.

டிவி சீரியலுக்கெல்லாம் இவ்வளவு மெனக்கெடுவாங்களா?

இப்போது டிவிக்குத்தான் அதிகம் மெனக்கெடுகிறார்கள் என்றே சொல்லலாம். சினிமா செட்டில் சில வாரங்கள் வேலை நடக்கும். தொடருக்கு அதே தெருவில் பல சீசன் வாழ வேண்டும். எலெனா ஃபெர்ராண்டேயின் நேப்பிள்ஸ் நாவல்களை 2018இல் தொடராக எடுக்க ஆரம்பித்தபோது, ஜியான்கார்லோ பசிலி கசெர்த்தாவில் மூடப்பட்ட ஒரு கண்ணாடித் தொழிற்சாலை வளாகத்தில் சுமார் 20,000 சதுர மீட்டரில் ஒரு முழுக் குடியிருப்பையே கட்டினார். சாம்பல் நிற அடுக்குமாடிகள், பசுமையே இல்லாத முற்றம், வெளியுலகத்துக்குப் போகும் சுரங்கப்பாதை. அந்த இரண்டு சிறுமிகளுக்கும் உலகம் அவ்வளவுதான் என்பதை முதல் அத்தியாயத்திலேயே அந்தச் சுவர்கள் சொல்லிவிடுகின்றன. அழகான நேப்பிள்ஸைக் காட்டும் ஆசையை அவர் அடக்கிக்கொண்டது பெரிய விஷயம்.

வேறு ஒரு காரணமும் உண்டு. வாடிகனுக்குள் கதைப்படம் எடுக்க அனுமதி கிடையாது. எனவே போப்பைப் பற்றி யார் எடுத்தாலும் சிஸ்டைன் தேவாலயத்தைக் கட்டித்தான் ஆக வேண்டும். 2016இல் வந்த 'தி யங் போப்' தொடருக்கு அதைச் சினெச்சித்தாவில்தான் எழுப்பினார்கள்.

இப்ப எல்லாத்தையும் கம்ப்யூட்டர்லயே பண்ணிடலாமே? இந்த வேலைக்கு இன்னும் மதிப்பு இருக்கா?

'கேங்ஸ் ஆஃப் நியூயார்க்' படத்துக்காகச் சினெச்சித்தாவில் பத்தொன்பதாம் நூற்றாண்டு மன்ஹாட்டனின் தெருக்களையும், துறைமுகத்தையும், அதில் நிற்கும் கப்பல்களையும் ஃபெரெட்டி கட்டினார். அதைப் பார்க்க வந்த 'ஸ்டார் வார்ஸ்' இயக்குநர் ஜார்ஜ் லூகாஸ், இந்த மாதிரி செட்டை இப்போது கம்ப்யூட்டரிலேயே செய்துவிடலாமே என்று ஸ்கோர்செஸியிடம் சொன்னதாகச் செய்தி உண்டு. படம் வந்தது 2002இல். ஆக, இந்தக் கேள்விக்கே வயசாகிவிட்டது.

கம்ப்யூட்டரைப் பகையாகப் பார்க்க வேண்டியதில்லை. ஒரு தெருவை இரண்டு மாடி வரை கட்டிவிட்டு மேலே உள்ளதைக் கம்ப்யூட்டரில் நீட்டுவது இன்று எல்லோரும் செய்வதுதான். எதுவரை கட்டுவது என்று முடிவு செய்பவர் கலை இயக்குநரே. 'ஸ்வீனி டாட்' படத்தை முதலில் பெரும்பாலும் கிரீன் மேட்டில், அதாவது பின்னணியைக் கம்ப்யூட்டரில் சேர்க்க உதவும் பச்சைத் திரைக்கு முன்னால், எடுக்கத்தான் டிம் பர்ட்டன் யோசித்தார். நடிகர்கள் பாடி நடிக்க வேண்டிய படம், சுற்றிலும் ஒன்றுமே இல்லாமல் எப்படிப் பாடுவார்கள் என்று மனம் மாறி செட்டே போட்டார்கள். ஈரமும் கரியும் படிந்த அந்த லண்டன் தெருவுக்குக் கிடைத்ததுதான் ஃபெரெட்டியின் இரண்டாவது ஆஸ்கர்.

ஷூட்டிங் முடிஞ்சதும் அவ்வளவு பெரிய செட்டை என்ன பண்ணுவாங்க?

பெரும்பாலும் பிரித்துவிடுவார்கள். சில தப்பிப் பிழைக்கும். கார்லோ சிமி 1965இல் லியோனேவுக்காக ஸ்பெயினின் அல்மெரியாவில் கட்டிய கௌபாய் ஊர் இன்று சுற்றுலாத் தலம். தலாய் லாமாவைப் பற்றிய 'குண்டுன்' படத்துக்காக ஃபெரெட்டி மொராக்கோவின் ஊர்சாசாத் ஸ்டுடியோவில் போட்ட திபெத்திய மடாலயத்தையும் இன்று பயணிகள் போய்ப் பார்க்கிறார்கள். சினெச்சித்தாவில் போட்ட 'ரோம்' டிவி தொடரின் செட்டில் ஒரு பகுதி 2007 தீ விபத்தில் போனது. மிஞ்சியதை வைத்து ஒரு பிரிட்டிஷ் தொடர் தன் பொம்பேயி அத்தியாயத்தை எடுத்துக்கொண்டது.

இத்தாலியில இந்தத் தொழிலுக்குப் போகணும்னா எங்க ஆரம்பிக்கணும்? பொண்ணுங்க போக முடியுமா?

இரண்டு வாசல்கள் உண்டு. ஒன்று, நுண்கலைக் கல்லூரிகளில் உள்ள அரங்க வடிவமைப்புப் பிரிவு. மற்றொன்று, 1935இல் தொடங்கிய, சினெச்சித்தாவுக்குப் பக்கத்திலேயே உள்ள தேசியத் திரைப்படப் பள்ளி. அங்கே இடம் கிடைப்பது கடினம். கட்டடக் கலை படித்துவிட்டு வருபவர்களும் உண்டு. எந்த வாசல் வழியாக வந்தாலும், மேலே ஃபெரெட்டியின் ஆரம்ப காலம் பற்றிச் சொன்ன உதவியாளர் பருவத்தைத் தாண்டித்தான் ஆக வேண்டும். டிமித்ரி கபுவானி ஃபெரெட்டியின் குழுவில் வேலை பார்த்துவிட்டுத்தான் இயக்குநர் மத்தேயோ கர்ரோனேயின் படங்களுக்குத் தலைமை ஏற்றார்.

பெண்கள் போக முடியுமா என்ற கேள்விக்கு நேரடிப் பதில்: போயிருக்கிறார்கள். 'தி கிரேட் பியூட்டி' படத்தின் ரோம் மாளிகைகளையும் மொட்டைமாடிகளையும் நமக்குக் காட்டிய ஸ்டெஃபானியா செல்லா பிறகு ஹாலிவுட் வரை போனார். இயக்குநர் நான்னி மொரெட்டியின் போப் படத்துக்குக் கலை இயக்கம் செய்தவர் பவோலா பிட்சார்ரி.

ஹாலிவுட் பணத்துல ஹாலிவுட் இயக்குநருக்குப் பண்ணதை எப்படி இத்தாலியக் கலைன்னு சொல்றீங்க?

நியாயமான கேள்வி. 'ஹியூகோ'வின் பாரிஸ் ரயில் நிலையம் லண்டனுக்குப் பக்கத்து ஷெப்பர்ட்டன் ஸ்டுடியோவில் நின்றது, கட்டியவர்களும் அங்குள்ளவர்கள். அதை இத்தாலியப் பட்டறையின் பொருள் என்று சொன்னால் தப்பு. 'கேங்ஸ் ஆஃப் நியூயார்க்' அப்படியல்ல. கதை அமெரிக்கா, மரத்தையும் பிளாஸ்டரையும் தொட்ட கைகள் பெரும்பாலும் ரோம்.

எனக்கு இதில் முக்கியமாகப் படுவது பணமோ ஊரோ இல்லை, அவர் ஒரு கதையை எதிர்கொள்ளும் முறை. 1995இல் வந்த ஸ்கோர்செஸியின் 'கேசினோ'வுக்கு லாஸ் வேகாஸ் சூதாட்ட அரங்கைக் கட்டவில்லை. நிஜமாகவே இயங்கிக்கொண்டிருந்த ரிவியெரா ஹோட்டலின் கேசினோவில், இரவு நேரங்களில், வாடிக்கையாளர்கள் ஒரு பக்கம் ஆடிக்கொண்டிருக்கவே எடுத்தார்கள். இடத்தைத் தேர்ந்து, வேண்டாததை நீக்கி, வேண்டியதை மட்டும் சேர்ப்பது பசோலினியிடம் கற்றது. இரண்டே வருடம் கழித்து 'குண்டுன்'. திபெத்துக்குள் போக வழியில்லை. மொராக்கோ பாலைவனத்தில் தலாய் லாமாவின் அரண்மனை அறைகளை எழுப்பினார்கள். இமயம் இல்லாத இடத்தில் இமயத்தைக் காட்டும் துணிச்சல் பிளாஸ்டிக் கடலைக் கட்டியவருக்கு வரும். ஒரே இயக்குநர், அடுத்தடுத்த இரண்டு படங்கள். முடிந்தால் இரண்டையும் ஒரே வாரத்தில் பாருங்கள். முதலில் 'கேசினோ', அப்புறம் 'குண்டுன்'.